வண்ணம் பூசிய வெற்றுடல்: ஆடைதுறப்புச் சமூகங்களின் உடலோவியமும் ‘தன்வெளிப்பாடு’ என்னும் கருத்தும்

ஆய்வுச் சுருக்கம்

ஆடையின்றிக் கூடியிருத்தலைக் கொள்கையாகக் கொண்ட மேலைச் சமூகங்களில் உடலோவியம் தன்வெளிப்பாட்டுக் கலையாகப் போற்றப்படுகிறது. வெற்றுடலே போதுமானது என்று கூறும் கொள்கை, அவ்வுடலின்மீது வண்ணத்தை ஏன் அனுமதிக்கிறது என்பதும், அவ்வாறு வெளிப்படுவது யாருடைய ‘தன்’ என்பதும் இக்கட்டுரையின் வினாக்கள். அமெரிக்காவின் சியாட்டில் நகரிலுள்ள ஃப்ரீமான்ட் பகுதியின் வண்ண மிதிவண்டியோட்டம் முதன்மைச் சான்றாகக் கொள்ளப்படுகிறது. ஈவ் க்ளைன், வெருஷ்கா, டீனா மெட்ஸ்கர் ஆகியோர் தொடர்பான ஆக்கங்கள் ஒப்பீட்டுக்கு எடுத்துக்கொள்ளப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: உடலோவியம், ஆடைதுறப்பு, தன்வெளிப்பாடு, ஃப்ரீமான்ட், தொய்யில், பச்சை குத்துதல்.

சொல் குறித்து

‘நேச்சுரிசம்’ என மேலைநாடுகளில் வழங்கும் கொள்கைக்குத் தமிழில் நிலைபெற்ற சொல் இல்லை. ‘நிர்வாணம்’ என்பது சமயத் துறவையும் காமத்தையும் ஒருங்கே நினைவூட்டும் சொல். ‘அம்மணம்’ என்பதை அமணர் என்னும் சொல்லோடு தொடர்புபடுத்துவோர் உண்டு. அது உண்மையாயின், தமிழில் ஆடையின்மையைக் குறிக்கும் அன்றாடச் சொல்லே ஒரு சமயப் பூசலின் எச்சமாகிறது. திகம்பரத் துறவி உடலைக் கடப்பதற்காக ஆடையைத் துறந்தார். நேச்சுரிசமோ உடலோடு இணங்கி வாழ்வதற்காக ஆடையைக் களைகிறது. இவ்வேறுபாட்டை மனத்திற்கொண்டு, பழிப்பும் புகழ்ச்சியும் இல்லாத ‘ஆடைதுறப்பு’ என்ற சொல் இங்குக் கையாளப்படுகிறது. ஆடை நீங்கிய, வேறெதுவும் பூசப்படாத உடல் ‘வெற்றுடல்’ எனப்படும்.

வெற்றுடலில் எவை எஞ்சலாம்?

ஆடைதுறப்பு இயக்கத்தின் தாயகமாக ஜெர்மனியைக் கூறுவது வழக்கு. எனினும், அறியப்பட்ட முதல் கழகங்களுள் ஒன்று இந்திய மண்ணில் தோன்றியது. மும்பைக்கு அருகிலுள்ள தானேயில் மாவட்ட நீதிபதியாக இருந்த சார்லஸ் கிராஃபோர்டு என்னும் ஆங்கிலேயர் 1891இல் அதனைத் தொடங்கினார். உறுப்பினர் மூவர் மட்டுமே. அவர்களுள் இந்தியர் எவருமிலர். அக்கழகத்தின் விதிகளில் இக்கட்டுரைக்கு வேண்டிய செய்தி ஒன்றுண்டு. ஆடையெல்லாம் நீங்கவேண்டும், ஆனால் மோதிரம், மூக்குக்கண்ணாடி, பொய்ப்பல் ஆகியவற்றுக்குத் தடையில்லை. நகைப்பை விளைவிக்கும் இவ்விதியில் ஆழ்ந்த சிக்கல் ஒன்று அடங்கியிருக்கிறது. உடலுக்கும் உடலின்மேல் உள்ளதற்கும் இடையே எல்லைக்கோட்டை எங்கே இடுவது? பொய்ப்பல் உடலெனில், தோலோடு ஒன்றிவிட்ட சாயம் எது?

ஜெர்மானிய முன்னோடிகளுக்கு இவ்வினா எழவில்லை. ரிச்சர்ட் உங்கேவிட்டர் 1906இல் ஆடையின்மையைப் பற்றி வெளியிட்ட நூலிலும், ஹான்ஸ் சூரேன் 1924இல் மனிதனையும் சூரியனையும் பற்றி எழுதிய நூலிலும் போற்றப்படுவது வெயிலில் பழுத்த, உடற்பயிற்சியால் இறுகிய, குறையற்ற உடல். ஆடை வகுப்பு வேற்றுமையின் அடையாளம். அது நீங்கினால் மாந்தர் ஒன்றாவர் என்று இயக்கத்தின் இடதுசாரிப் பிரிவினர் கூறியது உண்மையே. ஆனால், உங்கேவிட்டரின் எழுத்தில் ஆடையின் இடத்தை உடலே எடுத்துக்கொள்கிறது. உடலின் வடிவும் நிறமும் இனத்தூய்மைக்குச் சான்றாக்கப்படுகின்றன. அடையாளமற்றதாகக் கருதப்பட்ட வெற்றுடல், மிகக் கொடிய அடையாளங்களைத் தாங்கத் தொடங்கிய காலம் அது. எனவே, ‘வெற்றுடல் தூயது, வண்ணம் அதன்மேல் ஏற்றப்பட்ட செயற்கை’ என்னும் வாதத்தை வரலாறு தெரிந்தோர் அப்படியே ஏற்பதற்கில்லை.

இங்கு ஒரு முரணைச் சுட்டுதல் தகும். பிரிட்டனின் ஆடைதுறப்பு இதழான ‘ஹெல்த் அண்ட் எஃபிஷியன்சி’ நெடுங்காலம் தன் ஒளிப்படங்களில் பிறப்புறுப்புகளைக் காற்றுத்தூரிகையால் அழித்தே அச்சிட்டது. உடலைக் காட்டுவதில் நாணமில்லை என முழங்கிய பக்கங்களில் உடலின் ஒரு பகுதி மங்கலான தோற்பரப்பாக மாற்றப்பட்டிருந்தது. பிற்காலத்தில் உடலோவியர் தோலின்மேல் வண்ணம் தெளிக்கப் பயன்படுத்தும் கருவிகளுள் ஒன்று அதே காற்றுத்தூரிகை. தாளில் உடலை அழித்த கருவி, தோலில் உடலை எழுதும் கருவியாயிற்று. ஆடைதுறப்புக் காட்சிக்கலையின் வரலாற்றை இதைவிடச் சுருக்கமாகச் சொல்லிவிட முடியாது.

ஃப்ரீமான்டின் மிதிவண்டிகள்

சியாட்டிலின் ஃப்ரீமான்ட் பகுதியில் கோடைக்கால நெடும்பகலை ஒட்டி நடைபெறும் ஊர்வலம் 1989இல் தொடங்கியது. அதற்கெனச் சில விதிகள் உண்டு. அச்சிட்ட சொற்களும் வணிகச் சின்னங்களும் கூடா. இயந்திர ஊர்திகள் கூடா. உயிருள்ள விலங்குகளும் கூடா. மனித உழைப்பாலும் கற்பனையாலும் மட்டுமே ஊர்வலம் நகரவேண்டும் என்பது நோக்கம். 1990களின் தொடக்கத்தில் ஆடையற்ற மிதிவண்டியோட்டிகள் சிலர் அழையா விருந்தினராக இவ்வூர்வலத்துக்குள் புகுந்தனர். ஏற்பாட்டாளரிடையே இது குறித்துக் கருத்துவேறுபாடு இருந்தது. அன்றுமுதல் இவ்வோட்டம் ஊர்வலத்தின் முறையான உறுப்பாகாமலே அதன் புகழ்பெற்ற பகுதியாகிவிட்டது. கைவிரலால் எண்ணத்தக்க சிலராகத் தொடங்கியோர் பின்னாளில் ஆயிரத்தைக் கடந்தனர்.

தொடக்கத்தில் வந்தோர் பெரும்பாலும் வண்ணமின்றியே வந்தனர். உடலோவியம் பின்னர்ப் பெருகியது. இவ்வரிசைமுறை கவனிக்கத்தக்கது. ஆடையற்று ஓடுதல் குறும்பு. வண்ணம் பூசி வருதல் கலை. கலை ஊர்வலத்தில் இடம்பெறும் தகுதியைக் குறும்புக்கு வண்ணமே பெற்றுத்தந்தது. வாஷிங்டன் மாநிலச் சட்டம் ஆடையின்மையை மட்டும் கொண்டு குற்றம் காண்பதில்லை. பிறருக்கு நியாயமான அதிர்ச்சியோ அருவருப்போ விளையும் என்று அறிந்தே ஆபாசமாக உடலைக் காட்டுதலே குற்றம். வண்ணம் அந்த அதிர்ச்சியைத் தணிக்கிறது. நெற்றிமுதல் பாதம்வரை மஞ்சளும் கறுப்புமாய் வரிகள் இட்டு, தேனீக் கூட்டமாக வரும் இருபதுபேரைப் பார்க்கும் சிறுவர் முதலில் காண்பது தேனீக்களை. தமிழகத்தின் புலிவேடக்காரர் உடல்முழுதும் மஞ்சள் பூசி வருகையில் அவரை எவரும் அரையாடை உடுத்தவராக எண்ணிப் பார்ப்பதில்லை, புலியாகவே பார்க்கின்றனர். கண்ணின் இயல்பு ஊருக்கு ஊர் மாறுவதில்லை போலும்.

இங்கேதான் திறனாய்வுக்குரிய இடர் தோன்றுகிறது. வண்ணம் பூசிக்கொண்டபின் அம்மணமாக இருப்பதாகவே தோன்றவில்லை எனப் பங்கேற்போர் கூறுவது வழக்கம். அக்கூற்று உண்மையாயின், வண்ணம் ஆடையின் வேலையைச் செய்கிறது. இன்னும் உற்று நோக்கினால், ஃப்ரீமான்டில் மீண்டும் மீண்டும் காணப்படும் ஓவியங்களுள் கணிசமானவை ஆடைகளின் ஓவியங்களே. காற்சட்டையும் விளையாட்டுக் குழுவின் மேற்சட்டையும் திரைப்பட வீரநாயகரின் இறுக்க உடையும் தோலின்மேல் தீட்டப்படுகின்றன. ஆடையைக் களைந்து அதன் படத்தை உடுத்துதல் முதற்பார்வைக்கு நல்ல நகைச்சுவை. ஆடை என்பது வெறும் நிறமும் கோடுமே என அது ஆடையை எள்ளுகிறது. ஆனால், அந்நகைச்சுவை முதலாமவர்க்கே உரியது. ஐம்பதாவது வீரநாயகர் தெருவில் வரும்போது எள்ளல் தீர்ந்து, பொழுதுபோக்கு நிறுவனத்தின் சின்னமே எஞ்சுகிறது. வணிகச் சின்னங்களுக்கு இடமில்லை என்ற ஊர்வலத்துக்குள், தோலின் வழியே அவை நுழைந்துவிடுகின்றன. இவ்வகை ஓவியங்களைத் தன்வெளிப்பாடு எனப் பாராட்டுவது மிகை.

மாறாக, அங்குக் காணப்படும் வேறுவகை ஓவியங்களும் உண்டு. ஒரு பொருளையும் போலி செய்யாமல், உடலின் இயல்பான மேடுபள்ளங்களைத் தொடர்ந்து செல்லும் கோடுகள் அவை. முதுகெலும்பின் வழியே இறங்கும் ஒற்றை நீலக்கோடு, தொப்பையைச் சுற்றி விரியும் வட்டங்கள், தளர்ந்த தோலின் மடிப்புகளையே அலைகளாகக் கொண்ட கடல் போன்றவை. உடல் அவற்றுக்குத் துணி அன்று, ஓவியத்தின் பாதி. மிதிக்கும் தொடையின் அசைவில் கோடு நீண்டு குறுகும். வியர்வையில் ஓரம் கரையும். சியாட்டிலின் மழை வந்தால் முழுதும் வழியும். வேறோர் உடலுக்கு மாற்ற முடியாமையே இவற்றின் மதிப்பு. வீரநாயக உடையோ யாருக்கும் பொருந்தும்.

யாருடைய தன்?

தன்வெளிப்பாடு என்னும் சொல், உள்ளே ஒரு ‘தன்’ இருப்பதாகவும் அது வெளியே வருவதாகவும் கருதுகிறது. உடலோவியத்தின் செய்முறையே இக்கருத்தை மறுக்கிறது. எவரும் தம் முதுகில் தாமே தீட்டிக்கொள்ள இயலாது. ஃப்ரீமான்டில் ஓட்டத்துக்கு முன்னர்ப் பங்கேற்போர் கூடி ஒருவர்க்கொருவர் வண்ணம் பூசிக்கொள்வர். தூரிகையின் குளிர்ச்சியைப் பொறுத்து அசையாது நிற்றல், தன் பின்புறத்தில் என்ன தீட்டப்படுகிறது என்பதைக் காணாமலே பிறர் கையை நம்புதல், பின்னர்த் தூரிகையை வாங்கி மற்றவர்க்குத் தீட்டுதல் ஆகியவை அக்காலைப்பொழுதின் உள்ளடக்கம். தெருவில் காணும் காட்சியைவிட இதுவே ஆடைதுறப்புச் சமூகத்தின் கொள்கைக்கு நெருக்கமானது. 1974இல் பன்னாட்டு ஆடைதுறப்புக் கூட்டமைப்பு தன் கொள்கைக்கு வகுத்த வரையறையில் தன்மதிப்போடு பிறர்மதிப்பும் சேர்த்தே கூறப்பட்டிருப்பது நினைக்கத்தக்கது.

கைமாற்று இல்லாதபோது நிகழ்வதைக் காண, 1960 மார்ச் 9ஆம் நாள் பாரிஸில் ஈவ் க்ளைன் நிகழ்த்திய காட்சி போதும். மாலைநேர உடையணிந்த பார்வையாளர் அமர்ந்திருக்க, இசைக்குழுவினர் ஒரே சுரத்தை நீட்டி இசைக்க, ஆடையற்ற பெண்கள் மூவர் நீலச் சாயத்தைத் தம் உடலில் பூசிக்கொண்டு தாளில் பதிந்தனர். க்ளைன் கறுப்பு மாலையுடையில் நின்று கட்டளையிட்டார். சாயம் தம் கையில் படாமல் பார்த்துக்கொண்டார். அப்பெண்களை அவர் உயிருள்ள தூரிகைகள் என்றே குறிப்பிட்டார். பதிவுகள் இன்று அருங்காட்சியகங்களில் க்ளைனின் பெயரில் தொங்குகின்றன. சாயம் தரித்த உடல் ஒருவருடையது, வெளிப்பட்ட ‘தன்’ மற்றொருவருடையது. அந்நீலப் பதிவுகளின் அழகை மறுப்பதற்கில்லை. அவற்றை உடலின் விடுதலை எனக் கூறுவதே ஏற்கத்தகாதது.

இப்பிரிவினை இன்றும் மறையவில்லை. 1998இல் ஆஸ்திரியாவின் கரிந்தியா மாநிலத்தில் தொடங்கிய உலக உடலோவிய விழா, தூரிகையும் பஞ்சும் ஒரு பிரிவு, காற்றுத்தூரிகை ஒரு பிரிவு என வகுத்துப் போட்டி நடத்துகிறது. கைத்திறனில் ஃப்ரீமான்ட் அதற்கு ஈடாகாது. எனினும், போட்டி என வந்ததும் பரிசு ஓவியரைத் தேடிச் செல்கிறது; மணிக்கணக்கில் நின்றவர் களமாகிவிடுகிறார். ஆடைதுறப்போரின் அரைகுறை ஓவியங்களில் இந்த ஏற்றத்தாழ்வு குறைவு. கலைத்தரத்தின் பெயரால் அவற்றை ஒதுக்கும் திறனாய்வு இதையும் கணக்கிலெடுக்க வேண்டும்.

வெருஷ்கா என்ற பெயரால் அறியப்பட்ட வேரா லேண்டார்ஃப் இவ்விரண்டிலும் அடங்காதவர். 1960களின் புகழ்மிக்க ஒப்பனை மாதிரி அவர். ஹோல்கர் ட்ருல்ஷ் என்னும் கலைஞருடன் இணைந்து 1970 முதல் தம் உடலில் வண்ணம் தீட்டி, பாழடைந்த சுவர்களோடும் துருவேறிய கதவுகளோடும் ஒன்றி மறைந்தார். ஒளிப்படத்தில் முதலில் சுவர் தெரியும். பிறகே அதில் ஒரு கண் திறந்திருப்பது தெரியும். உலகமே உற்று நோக்கிய உடலை, அவ்வுடலுக்குரியவரே நோக்கிலிருந்து எடுத்துக்கொள்கிறார். இங்கு உடலோவியம் வெளிப்பாடு அன்று, மறைவு. ஆனால் க்ளைனின் மாதிரிகளுக்குக் கிடைக்காத உரிமை, அதாவது ஆக்கத்தில் பெயரோடு பங்கு, இதில் கிடைத்தது.

சங்க அக இலக்கியம் கூறும் தொய்யில் இங்கு நினைவுக்கு வருதல் இயல்பே. தலைவியின் தோளிலும் மார்பிலும் குழம்பால் கரும்பும் கொடியும் எழுதப்பெறும் அவ்வழக்கத்தை மேலைநாட்டு ஆடைதுறப்போடு வரலாற்றால் இணைக்க முயல்வது பிழை. இரண்டிற்கும் தொடர்பு இல்லை. ஆயினும், தொய்யில் என்பதைத் தலைவியின் தன்வெளிப்பாடு என எந்த உரைகாரரும் விளக்கத் துணியார். எழுதும் கை தலைவனுடையது. அக்கோடுகள் இருவரிடையே உள்ள உறவின் குறி. எழுதியவருக்கும் எழுதப்பட்டவருக்கும் இடையில் பிறப்பதே உடலோவியம் என்ற புரிதல், தொய்யிலை அறிந்த வாசகர்க்குப் புதிதன்று. மேலைத் திறனாய்வு ‘தன்’ என்பதை விடாது பற்றியிருப்பதால் அங்கே அது கண்ணில் படுவதில்லை.

எழுத்தேந்திய உடல்

2004இல் கான்ராட் ஷ்மிட் தொடங்கிய உலக ஆடையற்ற மிதிவண்டியோட்டம் இதற்கு மாறானது. எண்ணெய்ச் சார்பை எதிர்ப்பதும் மிதிவண்டியோட்டிகளின் காப்பற்ற நிலையைக் காட்டுவதும் அதன் நோக்கம். ஆகவே அங்கு உடலில் எழுதப்படுவன சொற்கள்: எண்ணெயை விட்டுக் கொழுப்பை எரிக்கச் சொல்லும் முழக்கங்கள். ஊர்தியின் இரும்புக்கு முன் தோல் எவ்வளவு மெல்லியது என்பதைத் தோலிலேயே எழுதிக் காட்டுதல் வலுவான உத்தி. ஆயினும் கலையென்ற நோக்கில் அது எளிதில் தீர்ந்துவிடுகிறது. முழக்கத்தை வாசித்து முடித்த கண் உடலை விட்டு அடுத்த முழக்கத்துக்குத் தாவுகிறது. பதாகை செய்யக்கூடியதைவிடச் சிறிதளவே உடல் அங்குக் கூடுதலாகச் செய்கிறது.

அழியாத கோடு

இதுவரை கூறியவை மாலைக்குள் கழுவப்படும் வண்ணங்கள். பச்சை குத்துதல் கழுவப்படாதது. ஆதலின் ஆடைதுறப்புச் சமூகங்களுக்கு அது வேறுவகைச் சிக்கலைத் தந்தது. பிறந்தபடி இருத்தலைப் போற்றிய பழைய தலைமுறையினர் ஊசியால் மாற்றப்பட்ட தோலை ஐயத்துடன் நோக்கினர். மறைவிட அணிகளைக் காமக்குறிப்பெனக் கருதித் தடுக்கும் விதிகள் சில இடங்களில் இன்றும் உண்டு. கிராஃபோர்டின் மோதிரத்துக்குக் கிடைத்த சலுகை எல்லா உலோகத்துக்கும் கிடைத்துவிடவில்லை. பச்சையோ பொதுவாழ்வில் பெருகிய வேகத்தில் கடற்கரைக்கும் வந்துவிட்டது. அதைத் தடுப்பதாயின் தோலையே வாயிலில் கழற்றி வைக்கச் சொல்லவேண்டியிருக்கும்.

தடுப்பதற்கும் ஏற்பதற்கும் அப்பால் இவ்வினாவை எடுத்துச்செல்லும் படைப்பு ஒன்று ஆடைதுறப்பு இயக்கத்துக்கு வெளியிலிருந்து வந்தது. அமெரிக்க எழுத்தாளர் டீனா மெட்ஸ்கருக்கு 1977இல் மார்பகப் புற்று கண்டறியப்பட்டு ஒரு மார்பு நீக்கப்பட்டது. தழும்பின்மேல் அவர் மரக்கிளை ஒன்றைப் பச்சை குத்திக்கொண்டார். மேலாடையின்றி, இரு கைகளையும் விரித்து வானை நோக்கி நிற்கும் அவரை ஹெல்லா ஹாமிட் ஒளிப்படம் எடுத்தார். சுவரொட்டியாகப் பரவிய அப்படம், மார்பிழந்த பெண் பொய்மார்பு பொருத்தித் தன் இழப்பை மறைக்கவேண்டும் என்பது எழுதாச் சட்டமாக இருந்த காலத்தில் வந்தது. பொய்ப்பல்லை உடலின் பகுதியென ஏற்ற அதே உலகம், பொய்மார்பைப் பெண்ணின் கடமையாக்கியிருந்தது.

ஆடைதுறப்புக் கொள்கை இப்படத்திடம் கற்கவேண்டியது உண்டு. ‘எல்லா உடலும் ஏற்கத்தக்கதே’ எனக் கூறும் சமூகத்துக்குள் வரத் தயங்குவோரில் தழும்புடையோரும் உறுப்பிழந்தோரும் உளர். வெயிலில் பழுத்த முழுவுடலின் படங்களை ஒரு நூற்றாண்டாகப் பரப்பிய இயக்கம், அத்தயக்கத்துக்குத் தன் பங்கையும் ஒப்புக்கொள்ள வேண்டும். வெற்றுடல் என்பது ஒருவர்க்கு விடுதலை. அறுவையின் நினைவைத் தாங்கியவர்க்கு அது பிறரது பார்வைக்குக் கொடுக்கவேண்டிய விளக்கம். வண்ணமோ பச்சையோ அவ்விளக்கத்தின் தலைப்பைத் தேர்ந்தெடுக்கும் வாய்ப்பை அவருக்குத் தருகிறது. பார்ப்பவர் முதலில் கிளையைப் பார்ப்பர். கிளை எதன்மேல் படர்ந்திருக்கிறது என்பதைப் பிறகு காண்பர்.

அது மறைப்புத்தானே என எதிர்வாதம் எழலாம். தோலில் தீட்டிய காற்சட்டைக்கும் இக்கிளைக்கும் உள்ள வேறுபாட்டில் விடை இருக்கிறது. காற்சட்டை ஓவியம் அடியிலுள்ள உடலைப் பொருட்படுத்துவதில்லை; எவ்வுடலின்மேலும் அது காற்சட்டையே. மெட்ஸ்கரின் கிளை தழும்பு சென்ற வழியே செல்கிறது. தழும்பு வேறு திசையில் ஓடியிருந்தால் கிளையும் வேறு திசையில் வளைந்திருக்கும்.